யானை குனியாது

திருவும் வெற்றியும் நீங்காத வெண்கோட்டு நாட்டை முறை வழுவாது ஆள்பவளும், ஏழருவிக்கு உரியவளும், மயிற்கொடி உடையவளுமாகிய ஆழிநங்கை மாதேவி, எல்லைக்குக் காவலரும் பகைவர்க்கு இடியும் நமக்குக் கொழுநருமாகிய கல்லுறைக் கோட்டைத் தலைவர் வேங்கைக்கோவரையர்க்கு விடுத்த ஓலை. தங்கள் வாள் கூர் மழுங்காதிருப்பதாக. தங்கள் குதிரைகளுக்குக் கொள் குறையாதிருப்பதாக. தங்கள் கோட்டைக் கிணறுகள் கோடையிலும் ஊறுவதாக. தலைநகரில் நாமும், நகை பார்க்க வந்திருக்கும் நம் மகள் அல்லியங்கோதையும் நலம். நமக்குச் சினம் மட்டும் சற்று மிகுதி.

செய்தி யாதெனில், வரும் வளர்பிறை ஐந்தாம் நாள் பவழத்துறை நாட்டு இளவரசர் நம் மகளை மணம்கொள்ளத் தங்கள் கோட்டைக்கு எழுந்தருளுகிறார். அந்நாட்டு வழக்கப்படி, யானைமேல் ஏறிப் புறப்பட்ட மணமகன் மணப்பந்தலில்தான் இறங்குவார். இடையில் இறங்கினால் பெண்ணை வேண்டாமென்று மறுத்ததாகப் பொருள். இதைத் தாங்களும் அறிவீர்கள். அறிந்திருந்தும் தாங்கள் புதிதாக எழுப்பிய கிழக்கு வாயில், அவர் ஏறிவரும் மலைக்கொழுந்து என்னும் யானை நுழைந்தால் மேலிருப்பவர் நெற்றியில் நிலைக்கல் மோதும் உயரத்தில் நிற்கிறது. மற்ற மூன்று பக்கமும் அகழி. ஆகவே மாப்பிள்ளை இறங்க வேண்டும், அல்லது மண்டை உடைய வேண்டும். இவ்விரண்டில் எதைச் சம்பந்தி வீட்டாரிடம் போய்ச் சொல்வது, ஐயா?

இதைக் கண்டு சொல்லவே நம் குறைகாண் அதிகாரி சாத்தங்கண்ணனாரைத் தங்களிடம் அனுப்பினோம். இந்நாட்டில் கட்டடமோ கால்வாயோ எது முடிந்தாலும் அவர் வந்து குறை சொல்வதும், கட்டியவர் வாய் நிறைய நீர் வைத்துக்கொண்டு கேட்பதும் நம் முன்னோர் வகுத்த முறை. அவர் சொல்லி முடித்துக் கைகூப்பும் வரை அந்நீரை விழுங்கவும் கூடாது, துப்பவும் கூடாது. துப்பிய பிறகு பேசும் முதற்சொல், இன்னும் உண்டா என்பதாக இருக்க வேண்டும். நாமும் அரியணை ஏறிய நாள்முதல் இம்முறைக்கு உட்பட்டவளே.

தாங்கள் செய்தது யாது? முதற்குறையைச் சொன்னதுதான் தாமதம், மடக்கென்று விழுங்கிவிட்டு மறுமொழி தொடுத்தீர்களாம். முறையை நினைவூட்டியதும் மீண்டும் நீர் வாங்கி, இரண்டாம் குறைக்கும் விழுங்கினீர்களாம். இவ்வாறே ஒரு குடம் காலியாகி, கச்சையை நெகிழ்த்திவிட வேண்டிய அளவுக்கு வயிறு உப்பிய பின், கடைசி வாய் நீரைச் சாத்தங்கண்ணனார் முகத்திலேயே கொப்பளித்தீர்களாம். அவரை யானைக்கொட்டிலிலும் அடைத்துவிட்டீர்கள். அறுபது வயதைக் கடந்த மனிதர், பாவம், சாணத்துக்கு நடுவே நின்று என்ன குறை கண்டுகொண்டிருக்கிறாரோ!

அதற்கு விளக்கமாகத் தாங்கள் விடுத்த ஓலையும் கிடைத்தது. வாயில் தாழ்வன்று, அந்த யானைதான் அளவுக்கு மீறி வளர்ந்தது என்றும், நம் பாட்டனார் காலத்து யானைகள் அடக்கமாக இருந்தன என்றும், கல்தச்சன் முழம் குட்டை என்றும், வேண்டுமானால் யானை குனியட்டும் என்றும் எழுதியிருந்தீர்கள். யானை குனியாது. பிறகு ஓலையின் பிற்பகுதியில், நாம் கட்டிய வசந்த மண்டபம் ஒழுகவில்லையா என்று கேட்டிருந்தீர்கள். ஒழுகுகிறது. கீழே அண்டா வைத்திருக்கிறோம். அதனால் தங்கள் வாயில் ஒரு விரற்கடையேனும் உயர்ந்ததா?

இது கோட்டை வாயிலோடு நிற்கும் பழக்கமாக இருந்தால் நாம் இவ்வளவு எழுத மாட்டோம். தங்கள் மீசைக்குப் பூசும் நெய் சற்று நாறுகிறது என்று நாம் தனித்திருக்கையில், தாழ்ந்த குரலில், சிரித்துக்கொண்டே சொன்னதற்கு என்ன செய்தீர்கள்? மருத்துவர் இருவரை வரவழைத்து மோந்து பார்க்கச் சொல்லி, நறுமணமே என்று சான்று வாங்கி நம்மிடம் நீட்டினீர்கள். அவ்விருவரில் ஒருவர்க்குச் சளி பிடித்திருந்தது. யாராவது ஒரு சொல் சொல்லிவிட்டால் உடனே கேடயத்தைத் தூக்கிக்கொண்டு நிற்கிறீர்கள். போர்க்களத்தில் அது அழகு, சோற்றுத் தட்டின் முன் அது அழகா?

இவ்விடத்தில் ஓலை எழுதும் தாழிக்கொற்றனார் எழுத்தாணியை நிறுத்தி, மேலே ஓரிடத்தில் தங்களைப் பிடிவாதக்காரர் என்று நாம் சொல்லி எழுதுவித்தது மிகை என்றும், புண்பட்டவர் வாயிலை இடிக்க மாட்டார் என்றும் பணிவோடு தெரிவித்தார். நமக்குச் சுருக்கென்றது. எனக்கே பாடம் சொல்ல வந்தீரா என்று நாவின் நுனி வரை வந்துவிட்டது. நீர் கொண்டுவரச் சொல்லி வாயில் வைத்துக்கொண்டோம். நல்ல வாய்ப்பென்று அவர் இன்னும் மூன்று குறைகளைச் சொன்னார்; அவற்றுள் ஒன்று நாம் வாய்மொழியும் வேகத்தில் எழுதி அவர் கைவிரல் வீங்கியிருப்பது. கன்னம் வலித்தது, உயிர் போகவில்லை. அச்சொல்லை அடித்துவிடச் செய்தோம், கை வீக்கத்துக்கு எண்ணெயும் கொடுத்தோம். அவ்வளவுதான் ஐயா, இதில் வேறு வித்தை ஏதும் இல்லை.

இனி ஆணை. இவ்வோலை கண்டவுடன் சாத்தங்கண்ணனாரை விடுவித்து, நீராட்டி, புத்தாடை உடுத்தி, கிழக்கு வாயிலின் முன் இருக்கை இட்டு அமர்த்துக. தாங்கள் வாய் நிறைய நீருடன் எதிரே நிற்க. அவர் விட்ட இடத்திலிருந்து சொல்லி முடிக்கட்டும். பின்னர் நாம் இத்துடன் அனுப்பும் கல்தச்சர்களைக் கொண்டு நிலைக்கல்லைப் பெயர்த்து, மாப்பிள்ளை தலைப்பாகையோடு நிமிர்ந்து நுழையும்படி வாயிலை உயர்த்துக.

இத்துடன் முடித்திருப்போம். ஆனால் நேற்று மாலை நம் மகளிடம், உன் தந்தையார் கட்டிய வாயிலின் குறை உனக்குத் தெரியுமா அம்மா என்று கேட்டோம். முதன்முதலில் தெரிந்தது தனக்குத்தான் என்றாள். வாயில் முடிந்த அன்று தாங்கள் அவளைத் தங்கள் யானைமேல் ஏற்றி, தாங்களே முன்னால் நடந்து அழைத்துப் போனீர்களாம். நிலைக்கல் நெருங்கியதும் அவள் குனிந்துகொண்டாளாம். குனிந்தும் கூந்தல் பூ கல்லில் சிக்கி அறுந்ததாம். உள்ளே போனதும் தாங்கள் திரும்பி, எப்படி இருக்கிறது என்று கேட்க, மிக அழகு என்றாளாம். அப்போதே சொல்லியிருக்கலாமே என்று கேட்டோம். சொன்னால் அப்பா அன்றைக்குச் சாப்பிட மாட்டார் என்றாள்.

நமக்கு அழுகை வந்துவிட்டது. பெற்ற தகப்பனிடம் உள்ளதைச் சொல்ல அஞ்சிக் குனிந்து பழகிய பெண்ணை, நாளை எப்படி இன்னொரு வீட்டுக்கு அனுப்பப்போகிறோம்? அங்கே அவள் யாரிடம் எதைச் சொல்வாள்? மணம் முடிந்து மாப்பிள்ளையோடு அவள் அவ்வாயிலைக் கடக்கையில் தலை நிமிர்ந்து இருக்க வேண்டும். தாங்கள் அதைப் பார்த்து நிற்க வேண்டும்.

மேலும் ஒன்று. இவ்வோலையைப் படித்து முடித்ததும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்ளாமல் தாங்கள் வயிறார உண்ண வேண்டும். தூதர் அருகிருந்து, தாங்கள் மறுசோறு வாங்கியதைக் கண்ணாரக் கண்டு, வந்து நம் மகளிடம் சொல்ல வேண்டும். இதுவும் அரச ஆணை. மயில் முத்திரை இட்டோம்.