சூளை ஆறிய பிறகும் வளர்ந்த கணக்கு

நேற்று மாலை கரண்ட் போனது. தெருவில் மற்ற வீடுகளிலெல்லாம் விளக்கு எரிந்தது. என் வீடு மட்டும் இருட்டு. போர்டைத் திறந்து ஃப்யூஸ் கட்டையைப் பிடுங்கினேன். கையில் கனத்தது வெள்ளைப் பீங்கான். உன் பட்டறையில் செய்தது. கம்பியை மாற்றிப் போட்டதும் விளக்கு வந்துவிட்டது. நான்தான் அந்த இடத்தை விட்டு நகராமல் நின்றேன். நீ போன பிறகு ஒரு மழைக்காலமும் வந்து போய்விட்டது.

விருத்தாசலம் கல்லூரியில் பொருளாதார வகுப்பில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவர்கள் நாம். தேசிய வருமானப் பாடம் எனக்குப் பிடிக்கும், உனக்கு அலுப்பு. நாட்டில் ஓராண்டில் விளைந்ததையும் செய்ததையும் ஒரே எண்ணாக்கி, விலையேற்றத்தைக் கழித்து, போன ஆண்டோடு ஒப்பிடுவார்கள் என்று நான் உருப்போடும்போது, "இதெல்லாம் யாருடி வூடு வூடா போயி கேக்குறாங்க?" என்பாய். கடைசியில் அப்படிப் போய்க் கேட்கிறவளாக நானே ஆனேன், அரசு சர்வேயில் ஒப்பந்த வேலை. உன் அப்பா படுக்கையில் விழுந்ததும் பீங்கான் தொழிற்பேட்டையில் அவருடைய ஃப்யூஸ் பட்டறை உன் கைக்கு வந்தது.

நன்றாகத்தான் நடத்தினாய். பெண்கள் அச்சில் மண்ணை அழுத்த, நீ சூளை முன்னால் நிற்பாய். தலைமுடியிலும் புருவத்திலும் வெள்ளைத் தூள். அந்தத் தூள் உள்ளேயும் போய்க்கொண்டிருந்தது நம் இருவருக்குமே உறைக்கவில்லை. புதிதாகக் கட்டுகிற வீடுகளில் ஃப்யூஸ் கட்டை வைப்பது நின்றது. சூளைக்கான கேஸ் விலை ஏறியது. சூளை பற்றவைப்பது குறைந்து குறைந்து, ஒருநாள் ஷட்டரை இறக்கிவிட்டாய். அச்சுப் போட்ட பெண்கள் பெண்ணாடம் பக்கம் கரும்பு வெட்டப் போனார்கள். உனக்கு இருமல் பிடித்துக்கொண்டது. முதலில் காசநோய் என்று மாத்திரை கொடுத்தார்கள். பிறகுதான் நுரையீரலில் தூள் என்றார்கள்.

ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டு பஸ் ஸ்டாண்டில் டீ குடித்துக்கொண்டிருந்தோம். கடை டிவியில் நாட்டின் வருமானம் வளர்ந்த செய்தி. சிறுதொழிலும் வளர்ந்திருக்கிறது என்றார்கள்.

"நம்மள மாதிரி பட்டறையுமா? யாருடி வந்து பாத்தாங்க?"

எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். சின்னப் பட்டறைகளை வருஷா வருஷம் போய்ப் பார்க்க ஆளில்லை. எப்போதோ ஒரு தடவை எடுத்த கணக்கை வைத்துக்கொண்டு, பெரிய கம்பெனிகள் வளர்ந்தால் சின்னதும் கூடவே வளர்ந்திருக்கும் என்று ஏற்றிக்கொண்டே போவார்கள். அடுத்த சர்வே வந்தால்தான் உண்மை தெரியும்.

டீயைக் கீழே வைத்தாய். "அப்ப நான் மூடினது அவங்களுக்குத் தெரியாது. இன்னும் என் சூளை எரியுதுன்னு நெனச்சிக்கினு இருக்காங்க."

"ஆமாண்டி."

"வளந்துகினு வேற இருக்கேன்." சிரித்தாய். சிரிப்பு இருமலில் போய் முடிந்தது.

அந்த சர்வே வந்தபோது பேட்டை என் பங்கில் விழுந்தது. முதலில் அங்கிருக்கும் பட்டறைகளையெல்லாம், ஓடுவது எது, மூடியது எது என்று பதிய வேண்டும். செய்தி கேட்டதும், "நானும் வரேன்" என்றாய். மாடிப்படி ஏற முடியாத உடம்பு. எவ்வளவு சொல்லியும் கேட்கவில்லை. ஆட்டோ பிடித்து அழைத்துப்போனேன்.

ஒவ்வொரு ஷட்டர் முன்னாலும் ஆட்டோவை நிறுத்தச் சொன்னாய். பொம்மை செய்தவர், குழாய் செய்தவர், ஜாடி செய்தவர். யார் எப்போது பூட்டினார்கள், இப்போது எங்கே என்று மூச்சு வாங்க வாங்கச் சொன்னாய். "நல்லா பாத்து போடு. பூட்டு தொங்குனா வூட்டுக்குப் போயிருப்பாங்கன்னு நெனச்சிடாத." உன் பட்டறை வந்தபோது நீ இறங்கவில்லை. "இது எனக்குத் தெரியும், எழுது" என்று மட்டும் சொன்னாய். டேப்லெட்டில் 'மூடப்பட்டது' என்று தட்டினேன்.

மாலையில் மேற்பார்வையாளர் போன் செய்தார். "என்னம்மா, மூடினதே இவ்வளவு வருது? நேர்ல போனீங்களா, இல்ல உக்காந்த எடத்துலயே போட்டீங்களா?"

நான் பதில் சொல்வதற்குள் போனை வாங்கிக்கொண்டாய். "சார், மூடினவங்கள்ல நானும் ஒருத்தி. நாளைக்கு வாங்க, நானே சுத்திக் காட்டுறேன். சீக்கிரம் வாங்க சார், எனக்கு நாள் இல்ல."

"இருக்கட்டும்மா. அப்படியே அனுப்பச் சொல்லுங்க" என்றார்.

அதற்குப் பிறகு நீ படுக்கையை விட்டு எழவே இல்லை. புதுச்சேரி ஆஸ்பத்திரியில், ஆக்சிஜன் குழாயோடு, "போயிடுச்சாடி அந்தக் கணக்கு?" என்று கேட்டாய். போய்விட்டது என்றேன். கண்ணை மூடிக்கொண்டாய். மறுநாள் விடிவதற்குள் எல்லாம் முடிந்தது.

புதிய தேசிய வருமானக் கணக்கு வெளிவந்ததும் பக்கம் பக்கமாகத் தேடினேன். நம் பேட்டை அதில் எங்கும் தென்படவில்லை. தென்படாது என்று தெரிந்தேதான் தேடினேன். எத்தனையோ ஊர்களோடு கரைந்து ஓர் எண்ணின் ஓரத்தில் கிடக்கும். உன்னால் அந்த எண் இறங்கியதா என்று கேட்டால், இறங்கியிருக்காது என்பதுதான் உண்மை. எனக்கு அது இன்னும் ஆறவில்லை.

போன வாரம் திட்டக்குடியைத் தாண்டி, நம் பக்கத்து மங்களூரில் வேலை. ஒரு தையல் கடை பூட்டிக் கிடந்தது. பக்கத்துக் கடைக்காரரிடம் விசாரித்தேன்.

"மூடிக் கெடக்குற கடைக்கு என்னா மேடம் கேள்வி?"

"யார் வச்சிருந்தாங்க? இப்ப எங்க இருக்காங்க?"

அதை எழுத எங்கள் டேப்லெட்டில் இடம் கிடையாது. அவர் யோசித்து, ஒரு பெண்ணின் பெயரைச் சொல்லி, அவளுக்கு நடந்ததையெல்லாம் சொல்லத் தொடங்கினார். திட்டக்குடிக்குப் போகிற என் பஸ் கண்ணெதிரே புறப்பட்டுப் போனது. அவர் சொல்லி முடிக்கும்வரை நின்று கேட்டேன்.