கண்ணாடி என்று சொல்லாத ஞாயிற்றுக்கிழமை

இன்று காலை தேயிலைத் தோட்டத்தில் நம் லயத்து வரிசை வீடுகளுக்குச் சுண்ணாம்பு அடித்துவிட்டுப் போனார்கள். ஈரச் சுண்ணாம்பின் நெடி இன்னும் மூக்கில் காரமாய் நிற்கிறது. கூரைத் தகரத்தில் ஆணி கழன்ற துளை வழியே கோல்போல் ஒரு வெயில் இறங்கி, புதுச் சுவரில் வெண்பொட்டாக விழுந்தது. பெட்டியைத் திறந்தேன். உன் சேலைக் கிழிசலில் சுற்றி வைத்திருந்த முப்பட்டைக் கண்ணாடியை எடுத்து அவ்வெயிலின் குறுக்கே பிடித்தேன். பொட்டு இடம் பெயர்ந்து விரிந்தது. ஒரு கரையில் சிவப்பு, மறு கரையில் ஊதா, நடுவே மற்றவை.

நீ போய் இன்றோடு நாற்பது நாள். உனக்கு வாசிக்கத் தெரியாது. ஆகையால் நீ உயிரோடிருந்த காலத்தில் உனக்கென ஒரு வரியும் நான் எழுதியதில்லை. இப்போது எழுதுகிறேன். உனக்கு நான் தரவேண்டிய பதில் ஒன்று பாக்கியிருக்கிறது.

நம் நட்பு இரத்தத்தில் தொடங்கியது என்பதை நீ மறந்திருக்க மாட்டாய். மலையிலிருந்து தகரக் குழாய் வழியே தண்ணீர் கொட்டும் பீலிக்கரை. விடியற்காலை, பெரட்டில் வேலைக்குப் பெயர் கொடுக்க நேரமாகிவிட்ட அவசரம். வரிசையில் நின்ற என்னை இடித்துத் தள்ளிக்கொண்டு நீ குடத்தை நீட்டினாய்.

"வரிசையைக் குலைப்பது அநாகரிகம்" என்றேன்.

"என்னடி சொன்ன? திருப்பிச் சொல்லு!"

திருப்பிச் சொல்ல வாயெடுத்தேன். சொல் முடியுமுன் உன் பித்தளைக் குடம் என் நெற்றியில் இறங்கியது. நான் உன் மணிக்கட்டைக் கடித்தேன். பல் எலும்பில் படும்வரை கடித்தேன். தலைமயிரைப் பிடித்துக்கொண்டு இருவரும் சேற்றில் உருண்டோம். பிரித்துவிட நான்கு பெண்கள் தேவைப்பட்டார்கள். மறுநாள் கொழுந்து மலையில் என் பக்கத்து நிரையில் நீயே வந்து நின்றாய்.

"ஏ பொஸ்தகம், நெத்தி வலிக்குதா?"

"வலிக்கிறது."

"எனக்குந்தான் கை வலிக்குது. நாய் மாதிரி கடிச்சுட்டியேடி!"

அன்றிலிருந்து உனக்கு நான் 'பொஸ்தகம்'. அந்தப் பெயரை நான் வெறுப்பதுபோல் நடித்தேன். உண்மையில் அது எனக்குப் பட்டம். பள்ளிக்கூட வாசலை நான் மிதித்தவள் அல்லேன். பஜனை மடத்துப் பாட்டுக்கள் எனக்கு மனப்பாடம். அவற்றின் அச்சுப் புத்தகத்தை மடியில் வைத்து, வாயில் வரும் பாட்டைத் தாளில் இருக்கும் எழுத்தோடு ஒவ்வொன்றாகப் பொருத்திப் பொருத்தி நானே எழுத்தறிந்தேன். பிறகு கடையில் சாமான் சுற்றி வரும் தாள் எதையும் எறிந்ததில்லை.

அப்படித்தான் வட்டகொடைக் கடையில் வாங்கிய பருப்போடு அந்தத் தாள் வந்தது. யாரோ ஒரு மாணவனின் விஞ்ஞானப் புத்தகத்திலிருந்து கிழிந்தது. மூன்று பட்டை கொண்ட கண்ணாடியின் படம் அதில் இருந்தது. கொழுந்து கிள்ளிக்கொண்டே அதை உனக்கு விளக்கினேன். ஒளி கண்ணாடிக்குள் நுழைகையில் ஒருமுறை வளைகிறது. வெளியேறுகையில் மறுமுறை வளைகிறது. வெள்ளை என்பது தனி நிறமன்று; பல நிறங்களின் கூட்டு. ஒவ்வொரு நிறமும் ஒவ்வோர் அளவில் வளைவதால், சேர்ந்து வந்தவை பிரிந்து போகின்றன. சிவப்பு மிகக் குறைவாக வளையும். ஊதா மிக அதிகமாக வளையும். அதற்குமேல் தாள் கிழிந்திருந்தது.

"அதிகமா வளையிறவதான் கடைசியில நிக்கிறாளாக்கும்" என்றாய் நீ. எனக்கு அது தோன்றியிருக்கவில்லை.

அந்த நாட்களில் உனக்குத் துரை பங்களாவில் உள்வேலை இடையிடையே கிடைத்தது. சுதந்திரம் வந்து சில ஆண்டுகள் கழித்து வெள்ளைக்காரத் துரை ஊருக்குப் புறப்பட்டபோது, நடுக்கூடத்துச் சரவிளக்கைக் கழற்றிப் பெட்டியில் அடுக்கினார்கள். அதில் ஒரு கண்ணாடித் தொங்கல் கீழே விழுந்து முனை உடைந்தது. சனிக்கிழமை மாலை அதை உன் மடியிலிருந்து எடுத்து என் கையில் வைத்தாய்.

"இந்தா பொஸ்தகம், ஒன் தாளுல இருந்த சாமான். குப்பையில போடச் சொல்லிட்டா தொரசானி. மூணு பட்டை இருக்கா பாரு."

இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை காலை லயத்தார் அனைவரையும் என் ஒற்றையறைக் காம்பராவுக்கு அழைத்தேன். அழைக்க வேண்டிய அவசியம் எதுவும் இல்லை; நாம் இருவர் பார்த்தால் போதும் என்று நீயும் சொன்னாய். நான் கேட்கவில்லை. கதவைச் சாத்தி, இருபதுக்கு மேற்பட்டவர்களைச் சுவரோரம் நிறுத்தி, "அன்பார்ந்த பெருமக்களே" என்று தொடங்கினேன்.

"யாரைடி சொல்லுது இது?" என்று ஒருத்தி கேட்டாள்.

"நம்மளத்தான். பேசாம இரு, பெருமக்க மாதிரி நில்லு" என்று நீ அவளை அதட்டினாய்.

ஆணித்துளை வெயிலில் கண்ணாடியைத் திருப்பினேன். சுவரில் நிறங்கள் பிரிந்து நின்றன. அறை மூச்சடைத்துப் போனது. நான் பேசும்போது அப்படி ஒரு மௌனத்தை அதுவரை நான் கேட்டதில்லை.

அந்த மௌனத்தைக் காத்தமுத்து உடைத்தான். பொகவந்தலாவைப் பக்கம் மாணிக்கக் குழியில் சில மாதம் மண் அள்ளிவிட்டு வந்தவன் அவன். கல் விஷயத்தில் லயத்துக்கே அவன் வாக்குத்தான் தீர்ப்பு.

"இது கண்ணாடி இல்லப்பா. குழியில எத்தனை கல்லு பாத்திருக்கேன்! உள்ளுக்குள்ள நெறம் ஓடுதுன்னா அது கல்லுதான். பங்களாக் கல்லு. வைரமாத்தான் இருக்கும்."

உன் புருஷன் மாடசாமி சுவரை விட்டு முன்னால் வந்தான். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். "நெசமாவா, புள்ள?" என்று யாரோ கேட்டார்கள். நிறம் வெயிலில் இருக்கிறது, கல்லில் இல்லை. இது வெறும் கண்ணாடி. இதைச் சொல்ல ஒரு நொடி போதும். நான் சொல்லவில்லை. புன்னகை செய்தேன். கண்ணாடியைத் துணியில் சுற்றி எல்லோர் முன்னும் உன் கையில் கொடுத்தேன். எல்லோரும் வெளியேறிய பின், "நீயே பத்திரமா வச்சுக்க" என்று அதை என்னிடமே திருப்பித் தந்துவிட்டு நீயும் போனாய்.

ஆண்கள் கடைவீதிக்குப் போய்க் குடித்துவிட்டு மூன்று மணிக்குமேல் திரும்பினார்கள். நம் காம்பராக்களுக்கு நடுவே இருந்தது ஒற்றைச் சுவர். அதற்கு அந்தப் பக்கம் நடந்தது அனைத்தும் என் காதில் விழுந்தது.

"கல்லு எங்கடி?"

"குப்பையில போட்டுட்டேன்யா. ஒடஞ்ச கண்ணாடிய்யா அது."

விறகுக்கட்டை உன் முதுகில் விழுந்த ஓசை எனக்கு இன்னும் அடையாளம் தெரியும். ஈர மூட்டையை அடிப்பதுபோன்ற ஓசை. நீ அலறவில்லை, ஏசினாய். அடுப்பைத் தூக்கி அவன்மேல் எறிந்தாய் போலும். நெருப்பும் சட்டியும் சிதறின, அவன் கத்தினான். பிறகு மறுபடியும் கட்டை. "யாருகிட்டடி குடுத்த? எவன்கிட்ட குடுத்த?" அதைத் தொடர்ந்து கேட்டது கட்டையின் ஓசை அன்று; காய்ந்த கிளை முறிவதுபோன்ற ஓசை. அப்போதுதான் நீ அலறினாய். அது உன் வலக்கை. அப்போதும் நீ என் பெயரைச் சொல்லவில்லை.

நான் என்ன செய்துகொண்டிருந்தேன் என்பதை எழுதுகிறேன். கண்ணாடியைக் கையில் பிடித்தபடி கதவுக்குப் பின்னால் நின்று, வெளியே போனதும் பேசவேண்டிய வாக்கியத்தை மனத்துக்குள் அமைத்துக்கொண்டிருந்தேன்.

வெளியே வந்தபோது அவன் உன்னைத் தலைமயிரைப் பிடித்து முற்றத்துக்கு இழுத்து வந்திருந்தான். உன் வாயிலிருந்து இரத்தம் நூலாய்த் தொங்கியது. காத்தமுத்து உன் அடுப்படியை மண்வெட்டியால் தோண்டிக்கொண்டிருந்தான். மாடசாமியின் இடுப்பில் கவ்வாத்துக் கத்தி இருந்தது. தேயிலைச் செடியின் கட்டைக் கிளையை ஒரே வெட்டில் துண்டிக்கும் கத்தி. லயமே கூடி நின்று பார்த்தது.

"என்னிடம் இருக்கிறது. இது கண்ணாடி" என்றேன். காலையில் வராத சொல் அப்போது வந்தது.

"பொய் சொல்லாத! கண்ணாடிக்கு ஏது இத்தனை நெறம்?" என்றான் காத்தமுத்து.

மாடசாமி என் பக்கம் வந்தான். நீ இடக்கையால் அவன் காலைக் கட்டிக்கொண்டாய். அவன் உன் விலாவில் உதைத்தான். நீ விடவில்லை.

"ரெண்டு பேரும் கூட்டுக் கள்ளிக" என்று அவன் கத்தியை உருவினான். அப்போது அங்கிருந்த பெண்கள் சிலர் அவனுக்கும் எனக்கும் நடுவே வந்து நின்றார்கள். அவர்கள் கொடுத்த அந்தச் சிறு இடைவெளியில் உள்ளே ஓடி, தாம்பாளம் நிறையத் தண்ணீரும் முகம் பார்க்கும் கண்ணாடியும் எடுத்து வந்தேன். நான்கு மணி வெயில் கூரைக்கு மேலாக முற்றத்தில் விழுந்தது. லயத்தின் முன்சுவர் நிழலில் இருந்தது. தாம்பாளத்தை வெயிலில் வைத்து, முகக்கண்ணாடியைத் தண்ணீருக்குள் சாய்த்தேன். நீருக்குள் வளைந்து நுழையும் வெயில், கண்ணாடியில் பட்டுத் திரும்பி வெளியேறும்போது பிரிய வேண்டும். பிரியவில்லை. முற்றத்து மேடுபள்ளத்தில் தாம்பாளம் ஆடியது, தண்ணீர் அலைந்தது, சுவரில் ஒரு வெளுப்பு மட்டும் ஆடியது.

"வேஷம் போடுறா!" என்றான் மாடசாமி.

நீ அவன் காலை விட்டுவிட்டுத் தரையில் ஊர்ந்து வந்தாய். உடைந்த கை பின்னால் இழுபட்டது.

"தாம்பாளத்த நான் புடிச்சுக்கிறேன். ஆடாது. நீ கண்ணாடியத் திருப்புடி."

உன் இடக்கை தாம்பாளத்தின் விளிம்பைப் பற்றியது. தண்ணீர் அடங்கியது. நிழற்சுவரில், உன் காம்பரா வாசலுக்கு மேலே, சிவப்பிலிருந்து ஊதா வரை அத்தனையும் வந்து நின்றன.

"பார்த்தீர்களா? இந்தத் தண்ணீர் வைரமா?" என்றேன்.

முதலில் சிரித்தவள் கடைசிக் காம்பராக்காரி. அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். நீ பின்னாளில் நூறு முறை அதைச் சொல்லிச் சிரித்திருக்கிறாய். "அடி ஆத்தி! காலையில பீலியில தெறிக்கிற தண்ணியிலயும் இந்த நெறந்தானே வருது! அப்ப நான் தெனமும் வைரத்துலதான் குண்டி கழுவுறேனா?"

முற்றமே சிரித்தது. காத்தமுத்து மண்வெட்டியைக் கீழே போட்டான். நீ தப்பிவிட்டாய். அந்த இடத்தில் நான் உன்னைத் தூக்கிக்கொண்டு உள்ளே போயிருக்க வேண்டும். நான் எழுந்து நின்று பேசினேன். அமைத்து வைத்திருந்த வாக்கியங்கள் மீதமிருந்தன. "சிவப்பு குறைவாக வளைகிறது, ஊதாவோ..." என்று சொல்லிக்கொண்டிருந்தபோது, ஊர் சிரித்ததைப் பொறுக்காத மாடசாமி தாம்பாளத்தை எட்டி உதைத்தான். தெறித்து விழுந்த முகக்கண்ணாடியை எடுத்து என் முகத்தைக் குறிவைத்து வீசினான்.

நான் அதைப் பார்க்கவில்லை. சுவரைப் பார்த்தபடி இருந்தேன். நீ பார்த்தாய். எந்தப் பலத்தில் எழுந்தாயோ, எனக்கு முன்னால் உன் முகம் வந்தது. கண்ணாடி உன் கன்னத்தெலும்பில் உடைந்தது. ஒரு சில்லு இடக் கண்ணுக்குள் நின்றது.

கொழுந்து லொறியில் உன் தலையை மடியில் வைத்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனேன். வளைவுக்கு வளைவு என் சேலை நனைந்தது. மாடசாமி அன்றே மாணிக்கக் குழிகள் இருக்கும் பக்கம் ஓடியவன், திரும்பவில்லை. கை கூடியது, கண் போயிற்று. அதன்பின் நீ என் காம்பராவிலேயே இருந்தாய்.

ஒருநாள் ஆணித்துளை வெயிலில் அந்தக் கண்ணாடியை நீயே பிடித்துப் பார்த்துவிட்டு, "ஏய், ஒத்தக் கண்ணுக்கும் அத்தனையும் தெரியுதுடி! கொறையவே இல்ல!" என்று கூவினாய். நான் அழுதேன். "அழுகைய நிறுத்து, இல்லன்னா மறுபடியும் கொடத்தால போடுவேன்" என்றாய்.

நீ ஒருமுறைதான் கேட்டாய். றொசல்ல ஸ்டேஷனில், மழையில், வண்டிக்குக் காத்திருந்தபோது. என் பக்கம் திரும்பாமலே கேட்டாய்.

"அன்னிக்குக் காலையில அவன் கல்லுன்னு சொன்னப்ப, நீ ஏன் வாயத் தொறக்கல?"

"சூழ்நிலை எனக்குப் பேசும் வாய்ப்பை அளிக்கவில்லை" என்றேன்.

நீ நனைந்த முந்தானையைப் பிழிந்தாய். பிறகு சிரித்தாய். "சரி விடு பொஸ்தகம். அந்தப் பக்கம் கிழிஞ்சு போச்சுன்னு வச்சுக்கிறேன்."

இப்போதும் லயத்துப் பெண்பிள்ளைகள் இதைப் பார்க்க வருகிறார்கள். கதவைச் சாத்துமுன், வெயிலில் பிடிக்குமுன், முதல் வாக்கியமாக நான் சொல்வது ஒன்றுதான்: "இது கண்ணாடி. வெறும் கண்ணாடி." அதை அவர்கள் திருப்பிச் சொன்ன பிறகே நிறத்தைக் காட்டுகிறேன். உன்னிடமிருந்து நான் சுமப்பது இந்த ஒரு வாக்கியமும், நெற்றியில் உன் குடத்துத் தழும்பும்.

பக்கம் கிழியவில்லை. அது என்னிடமே இருந்தது. இன்று காலை, சுண்ணாம்பு காயாத சுவரில் நிறங்கள் நின்றபோது, உன் பாய் கிடந்த மூலையைப் பார்த்து அதை உரக்கச் சொன்னேன். எழுத்துத் தமிழில் சொல்ல வாய் வரவில்லை.

"எல்லாரும் என்னையே பாத்தாங்கடி. அது எனக்கு இனிச்சுச்சு. அதான் சொல்லல."