எஞ்சினுக்கு ஊற்றிய தண்ணீர்

ராணிப்பேட்டை,
ஞாயிறு காலை

அன்புள்ள ஜெயப்பிரகாஷுக்கு,

அம்மாவின் ஆசீர்வாதம். முழங்கால் வலி இப்போது கம்மி. புனேயில் விடாத மழை என்று செய்தியில் பார்த்தேன். குடை வைத்திருக்கிறாய் அல்லவா?

ஷெட் சொந்தக்காரர் அஹமது பாஷா இடத்தைக் காலி செய்யச் சொல்கிறார். நீயும் தானியேலும் செய்த பந்தயக் கார் எஞ்சினைக் காயலான் கடையில் போடச் சொல்லி நீ செய்தி அனுப்பியிருந்தாய். தானியேல் விடவில்லை. "இன்னா டீச்சர், பெத்த புள்ளைய எடைக்குப் போடுவீங்களா?" என்கிறான்.

அன்று ஓட்டிப் பார்க்கையில் வெடித்ததே சிலிண்டர் ஹெட், எஞ்சினின் அந்த மேல்மூடியை அறுத்துக் காட்டினான். சொத்தைப் பல்லை நினைத்துக்கொள். மேலே வெள்ளையாகத்தான் இருக்கும். ஒருநாள் முறுக்கைக் கடித்ததும் உடையும். இதுவும் வெளியே பளபளப்பு. உள்ளே தண்ணீர் ஓடும் வழியெல்லாம் அலுமினியம் அரித்துக் காகிதமாகிக் கிடக்கிறது. எல்லாம் ஷெட் போர்வெல்லின் உப்புத் தண்ணீர். தோல் தொழிற்சாலைகளுக்கு நடுவில் ஊறுவதை இங்கே யார் வாயில் வைக்கிறார்கள்? நீங்கள் இருவரும் கேன் தண்ணீர் குடித்தீர்கள். எஞ்சினுக்குக் குழாயைத் திறந்தீர்கள். ஊற்றியது அவன் கை என்பதால் தவறும் அவனுடையது மட்டும்தானா?

ஆஸ்பத்திரியில் அவன் முகத்தில் கட்டோடு கிடக்கையில், "உன்னாலதான்டா எல்லாம் போச்சு" என்றாய். வாசலில் நின்ற நான் கேட்டேன்.

பழைய பந்தயக் கார் எஞ்சின்களின் படங்கள் இன்னும் உன் அறைச் சுவரில் இருக்கின்றன. ஒவ்வொன்றும் ஓடுவதற்கு முன் எத்தனை மாதிரிகள் வெடித்தன என்று சாப்பிடும்போதெல்லாம் சொல்வாய். வெடித்தவற்றையும் கண்ணாடிக்குள் வைத்துக் காப்பாற்றுகிறார்கள் என்பாய்.

கொதிநீர் பட்டு தானியேலுக்கு ஒரு கண் போனது உனக்குத் தெரியும். மற்றதும் மங்குகிறது. பொங்கல் வரை தெரிந்தால் பெரிது என்று வேலூர் டாக்டர் சொல்லிவிட்டார். உன்னிடம் சொல்லக்கூடாது என்று தானியேல் சத்தியம் வாங்கினான். செய்துகொடுத்தேன், இதோ மீறுகிறேன்.

புது ஹெட் தயார். கண்ணை மூடிக்கொண்டு தடவித் தடவி போல்ட்டுகளை முடுக்குகிறான். ஏன்டா என்றால், "இப்பவே பழகிக்கறேன் டீச்சர். ஆனா அது ஓடறத ஒரு வாட்டி பாத்துடணும். சத்தத்த அப்புறம் எப்ப வேணா கேட்டுக்கலாம்" என்கிறான்.

எந்த ரயில் என்று சொல், காட்பாடிக்கு வருகிறேன். ஷெட்டில் கேன் தண்ணீர் வாங்கி வைத்திருக்கிறேன். அவனை ஊற்றச் சொன்னால் கேனை என் பக்கம் தள்ளிவிடுகிறான். நீ வந்து ஊற்று, கண்ணா.

நீங்கள் இருவரும் நன்றாயிருக்க வேண்டும்.

அன்புடன்,
அம்மா எழிலரசி