முகம் காணாது அமர்த்திய நடுவரைப் பற்றி வெண்குன்ற வேந்தர்க்கு

நலம் பெருகுக, நாடு தழைக்க, இதில் எழுதப்படுவது யாவும் மெய்யாகுக.

மழை பிறக்கும் மலைகளுக்கும் அம்மலைச் சரிவில் விளையும் ஐவனநெல்லுக்கும் உரியவராய், யானைக்கும் எளியோர்க்கும் ஒருங்கே வழிவிடும் வேந்தர் என்று பாணர் பாடப்பெறும் வெண்குன்ற நாட்டுக் கோமான் கடம்பவேலர் திருமுன், தாழைக்கரை நாட்டு அரசி அல்லியங்கோதைப் பெருமாட்டியின் பேரமைச்சன் கண்ணந்தை தலைதாழ்த்தி விடுக்கும் ஓலை. தங்கள் சுனைகள் வற்றாதிருக்க. தங்கள் காவற்காடு கோடரி காணாதிருக்க. தங்கள் குடிகள் பகை அறியாதிருக்க.

தங்கள் நாட்டு அறநூல் வல்லுநர் நெடுஞ்சேத்தனார் எங்கள் ஓலையை நம்பிப் புறப்பட்டார் என்றும், அவருக்கு என்ன நேர்ந்தது என்பதை மறையாது உரைக்க வேண்டும் என்றும், உரைக்கும் வரையில் எங்கள் அழைப்புக்கு எவரும் செல்லாதபடி மலைவாயிலை அடைத்திருப்பதாகவும் தங்கள் தூதுவர் எடுத்துரைத்தார். அடைத்தது முறையே. நடந்தது இதுவே.

எங்கள் துறைமுகப் பட்டினமாகிய நெய்தல்வாயிலில் முன்பெல்லாம் உள்ளூராரே நடுவராய் அமர்ந்தனர். மைத்துனனுக்கு ஒரு நீதி, மாற்றானுக்கு ஒரு நீதி என்றாகி, உப்பளத்து வழக்கொன்று ஊர்ப்போராய் மூண்டு பல உயிரைக் குடித்தது. அதன்பின் எங்கள் பெருமாட்டி, உறவற்ற தொலைநாட்டாரையே நடுவராக அமர்த்துவது என்று துணிந்தார். வழக்குகளை ஓலையில் எழுதி அயல்நாடுகளுக்கு அனுப்புவோம். விரும்புவோர் தம் தீர்ப்பையும் தம் ஆசிரியர் சான்றையும் எழுதி விடுப்பர். எழுதியவர் பெயரை மறைத்து அவையோர் படித்துத் தேர்வர். தேர்ந்தவர்க்கு அமர்த்தோலையும் முத்திரை மோதிரமும் செல்லும். முகம் பாராதபடியால் முகத்தாட்சணியம் இல்லை என்று நாங்கள் பெருமை பேசினோம்.

அப்பெருமை பொய்யன்று. கையூட்டு அருகியது, பலர் ஆண்டுக்கணக்கில் சுமந்த வழக்குகள் தீர்ந்தன. இதைக் கண்டு மருத்துவரையும் மரக்கலத் தச்சரையும் யானைப் பாகரையும் அவ்வாறே அழைத்தோம். ஓலைக்காரர் கால்கள் ஓயவில்லை. தம்மை அமர்த்தியவர் முகத்தை ஒருமுறையும் காணாமல் பணி செய்து, பொருள் சேர்த்து, ஊர் திரும்பியோரும் உளர். ஆதலால் வந்து அமர்பவர் நாங்கள் அழைத்தவர்தாமா என்று கேட்க எவருக்கும் தோன்றவில்லை.

நெடுஞ்சேத்தனார் தம் மனைவியையும் மகள் கொற்றியையும் ஊரில் விட்டு, வழித்துணைக்குத் தாமன் என்னும் ஒருவனை அமர்த்திக்கொண்டு புறப்பட்டார். அவன் மடைப்பள்ளிச் சமையலாளன் மகன். பொதி சுமப்பான், சோறாக்குவான், எழுத்தும் அறிவான். நீண்ட மலைவழியில் பெரியவர் தாம் தீர்த்த வழக்குகளை அவனுக்குக் கதையாய்ச் சொல்லி நடந்தார். காட்டாற்றுக்கு இப்பால் பாழடைந்த சாவடி ஒன்றில் அவருக்குக் கடுங்காய்ச்சல் கண்டது.

பின்னர் நெய்தல்வாயிலுக்கு வந்தவன் தாமன். அவன் இடுப்பில் அமர்த்தோலை இருந்தது. விரலில் முத்திரை மோதிரம் இருந்தது. பட்டினத்தார் பூமாலையோடு எதிர்கொண்டு, நெடுஞ்சேத்தனாரே வருக என்று அவனை இருக்கையில் ஏற்றினர்.

வேந்தே, அவன் நன்றாகவே நீதி செலுத்தினான். எளியோர் சொல்லை இடைமறியாது கேட்டான். செல்வர் அனுப்பிய தட்டுகளை வாயிலிலிருந்தே திருப்பினான். வெண்குன்றத்திலிருந்து ஓலை வரும்போதெல்லாம், நெடுஞ்சேத்தனார் பெயரால், அவைக்கணக்கர் கையெழுத்தில், தாம் நலமென்றும் கடற்கரையில் கொள்ளைநோய் உலவுவதால் வர வேண்டாமென்றும் மறுமொழி அனுப்பினான். அவ்வோலைகளைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே பெரியவரின் மனைவியார் காத்திருந்து, சென்ற கார்காலத்தில் உயிர் நீத்தார். தாயின் இறப்பைத் தந்தைக்கு ஓலையில் எழுத மனம் ஒப்பாமல், கொற்றி உப்பு வணிகரோடு தானே புறப்பட்டு வந்தாள்.

நடுவரின் மகள் வந்தாள் என்று கேட்டதும் பட்டினமே திரண்டது. பரதவப் பெண்கள் அவள் காலுக்கு நீர் வார்த்து, கைப்பிடித்து, வழக்கு நடந்துகொண்டிருந்த மன்றத்துக்குள் அழைத்துச் சென்றனர். அவள் இருக்கையில் இருந்தவனைப் பார்த்தாள். அவனுக்குப் பின்னாலும் பக்கத்திலும் தேடினாள். அங்கிருந்தோர் சொன்னபடியே அவள் சொல்லை எழுதுகிறேன்: "இவரு யாரு? எங்கப்பா எங்கே?"

நெடுநாள் பிரிவால் மயங்கினாள் என்று எண்ணிச் சிலர் சிரித்தனர். ஒரு கிழவி, "நல்லாப் பாரு தாயி, உங்கப்பாதான்" என்றாளாம். தாமன் இருக்கையிலிருந்து இறங்கி, மோதிரத்தைக் கழற்றி அவள் காலடியில் வைத்து, கைகட்டி நின்றான். சிரிப்பு அப்போதுதான் அடங்கியது.

பெருமாட்டியின் ஏவலால் நானே சென்று அவனை விசாரித்தேன். அடியோ அச்சுறுத்தலோ தேவைப்படவில்லை. எங்கள் அழைப்புக்கு அவனும் ஒருமுறை தீர்ப்பு எழுதி அனுப்பியதாகவும், சான்று சொல்ல ஆசிரியர் இல்லாமையால் மறுமொழியே வரவில்லை என்றும் கூறினான். தேடுவித்தேன், அவன் எழுதியது தள்ளப்பட்டவற்றோடு கிடந்தது, ஒருவரும் பிரிக்கவில்லை. சாவடியில் நடந்ததைக் கேட்டபோது அவன் சொன்னது இது:

"அவரு பிழைக்கமாட்டாருன்னுதான் நெனச்சேன் ஐயா. ஓலையையும் மோதிரத்தையும் எடுத்தப்ப கண்ணு முழிச்சுப் பாத்தாரு. திட்டல. 'தண்ணி மட்டும் வச்சிட்டுப் போ தாமா'ன்னாரு. காதுல விழாத மாதிரி நடந்துட்டேன்."

அவனையும் கொற்றியையும் உடன்கொண்டு அச்சாவடிக்குச் சென்றோம். அவள் வர வேண்டாம் என்று தடுத்தேன்; அவள் கேட்கவில்லை. சாவடியில் ஒன்றும் இல்லை. ஆற்றுக்குச் செல்லும் ஒற்றையடிப் பாதையில் வெகுதூரம் தள்ளி, நீரின் ஓசை கேட்கும் இடத்தில், புதரடியில் எலும்புகள் கிடந்தன. முறிந்து கோணலாய்க் கூடிய இடக்கை எலும்பைக் கண்டு, குதிரை தள்ளிய கை இதுதான் என்று கொற்றி கூறினாள். அவர் அத்தனை தொலைவும் ஊர்ந்திருக்கிறார். தாமன் அதுவரை அதை அறியான். பார்த்ததும் மண்ணில் விழுந்து, காவலர் தூக்கும் வரை எழவில்லை. நான் பல போர்க்களம் கண்டவன். அவ்வெலும்புகளைக் கொற்றியோடு சேர்ந்து நானே பொறுக்கிப் பேழையில் இட்டேன்.

திரும்பியபோது பட்டினத்தார் அரண்மனை வாயிலில் கூடியிருந்தனர். அவன் கொன்றதாகச் சொல்ல முடியாது என்றும், காய்ச்சலே கொன்றது என்றும், தங்களுக்கு இதுவரை வாய்த்த நடுவருள் அவனே தூயவன் என்றும், உயிரையேனும் விட்டுவிட வேண்டும் என்றும் வேண்டினர். பெருமாட்டி அவன் தந்த தீர்ப்புகள் அனைத்தையும் மூவரைக் கொண்டு மறுபடி ஆராய்வித்தார். அவற்றில் கோணல் எதுவும் காணவில்லை. கோணல் இருந்திருந்தால் எங்கள் மனம் இத்தனை துன்புற்றிராது.

பட்டினத்தார் கடைசியில் கொற்றியிடமே சென்று மன்னிக்குமாறு கேட்டனர். அவள் சொன்னாள்: "உங்களுக்கு நல்ல நீதி கிடைச்சுது, சரிதான். அதெல்லாம் வழிநெடுக எங்கப்பா தாமனுக்குச் சொன்னது. அவரு வாயாலயே நீங்க கேட்டிருக்கலாம். எங்கம்மாவும் இன்னும் கொஞ்ச நாள் இருந்திருப்பா." கூட்டம் ஒவ்வொருவராய்க் கலைந்தது.

பெருமாட்டி அளித்த தீர்ப்பு: கைவிட்டதும் கொலையே, இறந்தவரின் பெயரால் அவர் மனைவிக்கு எழுதியது அதனினும் கொடிது, தாமனுக்கு வாள். என் வாழ்நாளில் நீங்காத பாரமாக இதைச் சுமப்பேன் என்று சொல்லியே அவர் முத்திரை இட்டார். தண்டனை இன்று காலை நிறைவேறியது. களத்துக்கு வருமாறு கொற்றியை அழைத்தோம்; அவள் வரவில்லை.

இனி ஆணை. தாழைக்கரை நாட்டு அதிகாரிகள் யாவர்க்கும் இன்று முதல் விதிப்பதாவது: ஓலையால் தேர்வது நிற்க வேண்டியதில்லை, ஆனால் தேர்ந்தவர் வாயிலுக்கு நம்மவர் ஒருவர் நேரில் சென்று, அவர் சுற்றத்தார் முன் முகம் கண்டு, வழிமுழுதும் உடன்வந்து சேர்க்கக்கடவர். வழியில் அவர் நோயுற்றால் உடனிருக்கக்கடவர்; விட்டு வந்தவர் உயிருக்கு உயிர் தரக்கடவர். ஆசிரியர் சான்று இல்லை என்பதற்காக எவர் எழுதியதையும் பிரிக்காது தள்ளலாகாது. நெய்தல்வாயில் நடுவர் இருக்கை, நெடுஞ்சேத்தனார் தம் மண்ணில் அடங்கும் வரை வெறுமையாய் இருக்கும். இது அரசியின் சொல். சங்கும் தாழைமடலும் பொறித்த முத்திரை இதற்குச் சான்று.

மலைவாயிலைத் திறக்குமாறு வேண்ட எங்களுக்கு முகமில்லை. எலும்புப் பேழை வருகிறது, அதற்கேனும் திறந்தருள்க. பேழையோடு இவ்வோலையைக் கொண்டு வருபவள் கொற்றி. தூதுவர் கையில் கொடுக்க அவள் இசையவில்லை. வேந்தர் முதலில் அவள் முகத்தைக் காண்க. அவள் பெயரை அவள் வாயால் கேட்க. அதன்பின் பேழையைப் பெற்றுக்கொள்க.