மதினி உன் பேரைச் சொல்லிவிட்டாள்

என் ஆசை அண்ணே,

சொன்னால் நம்பமாட்டாய். இந்த முறை நாங்கள் மலையேறவில்லை.

நம் சனத்துக்குக் கோபம் வந்தால் என்ன செய்வோம்? சட்டிபானையையும் பிள்ளைகளையும் தூக்கிக்கொண்டு மலைக்குள் போய்விடுவோம். பளியன் சண்டைக்கு நிற்கமாட்டான் என்று கீழ்நாட்டுக்காரர்கள் சிரிப்பார்கள். முந்தின வருஷம் பம்புசெட் ஒயர் காணாமல் போனதற்கு உன்னைப் புளியமரத்தில் கட்டிவைத்து அடித்தார்களே, அன்றைக்கும் நீ அதைத்தான் செய்தாய். உடைந்த விலாவோடு எங்களைக் கூட்டிக்கொண்டு ஏறினாய். மூன்றாம் நாள் பாறைக்கடியில் கண்ணை மூடிவிட்டாய். ஒயரை எடுத்தது பண்ணையாரின் சொந்த மருமகன் என்று பிறகு ஊருக்கே தெரிந்தது. ஒருத்தரும் வாய் திறக்கவில்லை. எனக்கு உன் மேலும் கோபம்தான், அண்ணே. ஏன் ஏறினாய்?

பருத்தி வெடிக்கிற நேரம், வயிற்றுப்பாட்டுக்காக மறுபடி இறங்கினோம். போன வாரம் பண்ணையார் கிடையில் இரண்டு ஆடு குறைந்தது. காலையிலேயே நாலு பேர் கயிற்றோடு வந்து, திருடியது அவன்தான் என்று மதினியின் தம்பியை, உன் மச்சினனைக் கேட்டார்கள். பெண்கள் வழக்கம்போல மூட்டை கட்டத் தொடங்கிவிட்டார்கள். மதினி மட்டும் கட்டின மூட்டையை அவிழ்த்து அடுப்பை மூட்டினாள்.

"ஒல வச்சிட்டேன். நாங்க எங்கயும் போகல. பண்ணையார வரச்சொல்லுங்க, பேசுவோம்" என்றாள்.

"அம்புட்டுத் திமிராடி ஒனக்கு?" என்றான் ஒருத்தன்.

"நாங்க மலையேறுன காலமெல்லாம் மலையேறிப்போச்சுண்ணே" என்றேன் நான். கல்லுப்பட்டி விடுதியில் தங்கி நாலு எழுத்துப் படித்தவள் அல்லவா, வாய் கொஞ்சம் நீளம். ஆனால் சொன்ன கையோடு மதினிக்குப் பின்னால் போய் நின்றுகொண்டேன். உன்னிடம் மறைப்பானேன்?

குடிசைகளுக்கு முன்னால் எல்லோரும் உட்கார்ந்துவிட்டோம். எங்களைத் தாண்டிப் போய் உன் மச்சினனைத் தொட அவர்களுக்குத் துணிச்சல் வரவில்லை. மறுநாள் பருத்திக்கு யாரும் போகவில்லை. எங்களோடு நிரை பிடித்துப் பறிக்கிற ஊர்ப் பெண்களும் போகாமல் எங்கள் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்கள். எங்கள் பானையில் மொண்டு தண்ணீர் குடித்தார்கள். அப்படி ஒரு நாள் வரும் என்று நீ நினைத்ததுண்டா? ஆடுகள் பக்கத்து ஊர் மந்தையோடு போயிருந்தது மூன்றாம் நாள் தெரிந்தது.

பண்ணையார் ஒரு மூட்டைச் சோளம் கொடுத்தனுப்பினார். உன்னைக் கட்டிவைத்த புளியமரத்தடிக்கு அவரே வரட்டும் என்று மதினி அதைத் திருப்பி அனுப்பினாள். பிறகு அவரே அங்கே வந்தார்.

"நடந்தது நடந்துபோச்சு. மனசுல வச்சுக்கிராதீங்க" என்றார். எங்களிடம் 'ங்க' போட்டுப் பேசியதே அதிசயம்.

"யாருக்கு நடந்துச்சு? பேரச் சொல்லுங்கய்யா" என்றேன்.

வாயைத் திறந்தார். பக்கத்தில் நின்ற கணக்கப்பிள்ளையைப் பார்த்தார். அவர் தரையைப் பார்த்தார். பன்னிரண்டு வருஷம் அந்தத் தோட்டத்தில் உழைத்தாய், அண்ணே. "ஏய் பளியா" என்பதைத் தவிர உனக்கு ஒரு பேர் இருந்ததே அவர்களுக்குத் தெரியவில்லை.

அப்போது மதினி எழுந்தாள். புருஷன் பேரைச் சொன்னால் ஆயுசு குறையும் என்று கடைசிவரை உன்னை "இந்தாருங்க" என்றே கூப்பிட்டவள்.

"வெள்ளையன்" என்றாள், ஊருக்கே கேட்கும்படி. "எம் புருசன் பேரு வெள்ளையன். சொல்லுங்க."

அவர் துண்டைத் தோளிலிருந்து எடுத்தார். "வெள்ளையன் திருடல. நான் அவன அடிச்சது தப்பு" என்றார். அங்கே நின்ற அத்தனை பேரும் கேட்டார்கள்.

மன்னித்தாயிற்றா என்கிறாயா? "வேலைக்குப் போவோம். மன்னிக்கிறத நான் மெதுவாப் பாத்துக்கிறேன்" என்கிறாள் உன் பெண்டாட்டி. எனக்கும் அதே எண்ணம்தான்.

வீட்டுமனை கேட்டுத் தாலுகா ஆபீசுக்கு மனு எழுதிக்கொண்டிருக்கிறேன். முதல் வரியில் 'வெள்ளையன் மனைவி செல்லி' என்று போடச் சொல்லி, எழுத்து சரிதானா என்று இரண்டு தரம் வாசிக்கச் சொன்னாள். பட்டா கையில் வரும்வரை இந்த அடிவாரத்தை விட்டு ஒருத்தரும் நகரமாட்டோம். சத்தியம், அண்ணே. இனி மலைக்கு வந்தால் உன்னைப் பார்க்க வருவோம். ஓடி வரமாட்டோம்.

உன் கூடப்பிறந்த வாயாடி,
காளியம்மா