படத்தில் பார்த்த மூன்றாவது தட்டு

அன்புள்ள இலாரியோனுக்கு,

தேவமாதா புண்ணியத்தில் நலம். உங்கள் முழங்கால் வலி தேவலையா?

பட்டணத்துப் பையன்கள் நம் பேத்தி டொய்னாவின் ஒரு நாளைப் படமெடுத்தார்களே, அதை இங்கே இத்தாலியில் பூசை முடிந்ததும் போட்டார்கள். பேச்சே இல்லாத படம். பிள்ளை வாத்துக்குத் தீனி வைக்கிறாள், சோளக்களியை நூலால் அறுத்து மூன்று தட்டில் வைக்கிறாள்.

பக்கத்திலிருந்த அக்சீனியா, "உங்க வீட்ல ரெண்டு பேர்தானே அக்கா, மூணாவது யாருக்கு?" என்றாள்.

"வர்ற விருந்தாளிக்குடி."

"தினமும் வர்ற விருந்தாளியா?"

ஊரில் நம் பக்கத்து வீட்டு விதவை பரஸ்கேவாவை நான் சந்தேகப்படவில்லை, பக்தியுள்ளவள். ஆனால் அந்த மூன்றாவது தட்டில்தான் பாலாடைக்கட்டி அதிகம்.

நான் சம்பளத்துக்குப் பார்த்துக்கொள்ளும் கிழவி கூப்பிடுகிறாள், முடிக்கிறேன். அது எனக்காக வைத்த தட்டு என்றால், ஊரிலிருந்து இங்கே வரும் ஞாயிற்றுக்கிழமை வேனில் கம்பளிக் காலுறை கொடுத்தனுப்புங்கள். இல்லையென்றால் அனுப்ப வேண்டாம், திரும்பும் வேனில் நானே வருகிறேன்.

ஆக்ரிப்பினா