எண்பதில் இருபத்தேழு ஞாயிறு

மான்மவுத் ஜங்ஷன்
செப்டம்பர் 13, 1994

அன்பு மகள் ஃபெபிக்கு அம்மா எழுதுவது. கர்த்தருடைய கிருபையால் அப்பாவும் நானும் சுகம். நீயும் சுகமாகத்தான் இருக்கிறாய் என்று போன மாதம் நீ போன் செய்யும் வரைக்கும் நம்பிக்கொண்டிருந்தேன்.

நீ அனுப்பிய போட்டோ கிடைத்தது. அதில் முதலில் உன்னைத் தேட வேண்டியிருந்தது. முக்கால் போட்டோவை அந்த ஆள் அடைத்துக்கொண்டு நிற்கிறான். அவன் கக்கத்தில் இடுக்கிய கைப்பை மாதிரி நீ நிற்கிறாய். அப்பா அதை ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டினார். நான் எடுத்து ஃபிரிட்ஜுக்கு உள்ளே முட்டைக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறேன்.

ஹூஸ்டனில் உன் மருந்துக் கடைக்கு வலி மாத்திரை வாங்க வந்தவனாம். அடிக்கடி வந்தானாம், பேசினானாம், உனக்குப் பிடித்துப் போயிற்றாம். மற்றவர் பெண்களுக்குக் காலேஜிலும் கல்யாண வீட்டிலும் பிடித்துப் போகிறது. என் மகளுக்கு வலி மாத்திரை கவுண்டரில் பிடித்துப் போயிருக்கிறது. பதிமூன்று வயதில் உன்னை நாகர்கோவிலிலிருந்து கூட்டிவந்து பார்மசி படிக்க வைத்ததற்கு நல்ல பலன்.

என்ன நிறம் என்று கேட்பேன் என்று நீ எதிர்பார்த்தாய். நான் கேட்கவில்லை. என்ன வேலை என்றுதான் கேட்டேன். ஃபுட்பால் என்றாய். காலால் உதைப்பது அல்ல, பந்தைக் கையில் பிடித்துக்கொண்டு ஆளோடு ஆள் மோதுகிற இந்த நாட்டு ஃபுட்பால். அதெல்லாம் ஒரு வேலையா என்றேன். உடனே போனை அப்பாவிடம் கொடுக்கச் சொல்லிவிட்டாய்.

ஒருவன் பெண் கேட்டால் விசாரிப்பது நம் வழக்கம். ஊர் என்றால் போதகரிடம் கேட்கலாம், படித்த பள்ளிக்கூடத்தில் கேட்கலாம். இவனை எங்கே போய் விசாரிப்பது? அப்பாதான் வழி கண்டுபிடித்தார். இந்த ஆட்டக்காரர்களுக்கு எந்த வாரம் எந்த எலும்பு போயிற்று என்பதைப் பேப்பரிலேயே போடுகிறார்களாம். அப்பா மூன்று சனிக்கிழமை லைப்ரரியில் குந்தியிருந்து பழைய பேப்பரை எல்லாம் புரட்டி, சபை நோட்டீஸின் பின்பக்கத்தில் எழுதிக்கொண்டு வந்தார். பொதுப்பணித்துறையில் இருபது வருடம் பாலம் அளந்த கையெழுத்து. ஒரு எழுத்து சாயவில்லை.

அதை அப்படியே உனக்கு எழுதுகிறேன். 1989, வலது கணுக்கால், மூன்று ஆட்டம் இல்லை. 1990, இடது முழங்காலில் லிகமென்ட் அறுந்து ஆபரேஷன், ஒன்பது ஆட்டம் இல்லை. 1991, தோள்பட்டை இறங்கியது, நான்கு. 1992, தொடையின் பின்பக்கத் தசை, செப்டம்பரில் இரண்டு. ஆறிவிட்டது என்று இறங்கி நவம்பரில் அதே தசை மறுபடியும் கிழிந்து இன்னும் மூன்று. 1993, கை எலும்பு, ஆறு. ஐந்து வருடத்தில் எண்பது ஆட்டம். இருபத்தேழில் ஆள் இல்லை. ஃபெபி, நான் இந்த நாட்டில் பதினான்கு வருடமாக நர்ஸ். லீவு போட்டது மொத்தம் ஆறு நாள். அதிலும் நான்கு நாள் பித்தப்பையை எடுத்ததற்கு.

ஆட்டம் எல்லாம் பெரும்பாலும் ஞாயிற்றுக்கிழமை என்று அப்பா சொல்கிறார். என்னைப் பெற்றவர் ஞாயிற்றுக்கிழமை மீன்காரியை வாசலில் கூட நிற்க விடமாட்டார். இவன் ஞாயிறுதோறும் எண்பதாயிரம் பேர் முன்னால் மண்ணில் உருள்கிறான். ஆனாலும் நியாயத்தைச் சொல்லவேண்டும்: இருபத்தேழு ஞாயிறு ஓய்வுநாளை ஆசரித்திருக்கிறான். விசுவாசத்தினால் அல்ல, முழங்காலினால்.

பெயர் நெல்சன் என்றதும் எனக்கு ஒரு நிமிஷம் ஆசை வந்தது உண்மை. ஊரில் நம் தெருவிலேயே நான்கு நெல்சன் உண்டு. ஒருவன் வாத்தியார், ஒருவன் பாங்க், இருவர் மிலிட்டரி. நான்கு பேரும் தினம் வேலைக்குப் போகிறவர்கள்.

அப்பாவுக்குச் சர்க்கரை கொஞ்சம் ஏறியிருக்கிறது. நீ நேரத்துக்குச் சாப்பிடு. கர்த்தர் உனக்கு நல்ல புத்தியைத் தருவாராக.

அம்மா


மான்மவுத் ஜங்ஷன்
அக்டோபர் 25, 1994

அன்பு மகள் ஃபெபிக்கு,

உன் கோபக் கடிதம் வந்தது. தமிழில் எழுத்துப் பிழை நிறைய இருக்கிறது. கோபத்தில் பிழை இல்லை. என்னிடமிருந்து வந்ததல்லவா.

அவனுக்கு ஆட்டம் இல்லாத வாரம் என்று சனிக்கிழமை இருவரும் வந்தீர்கள். நான் மரியாதைக் குறைவாக நடந்தேன் என்கிறாய். காலையில் ஐந்து மணிக்கு எழுந்து இரண்டு கோழியை அறுத்துப் பிரட்டி வைத்தேன். பதினாறு ஆப்பம் சுட்டேன். பதினொன்றை அவன் தின்றான். இதைவிட என்ன மரியாதை?

உன்னை நான் ஒன்று கேட்கிறேன். பெரியவள் பேசும்போது முகத்தைத் திருப்பிப் பார்க்கிற பழக்கம் அவன் வீட்டில் கிடையாதா? நான் இடது பக்கம் உட்கார்ந்து எதைக் கேட்டாலும் நேரே சுவரைப் பார்த்துக்கொண்டே பதில் சொன்னான். டிவியில் வருகிறவன் என்ற திமிர் என்று எனக்குப் பட்டது. போன பிறகு அப்பாவிடம் சொன்னேன். அவருக்கு அதெல்லாம் கண்ணிலேயே படவில்லை. “ஞானம், பாவம் அவன், கால மடக்கவே முடியாம இருந்தான், நீ பாக்கலியா” என்றார். பார்த்தேன். என் சோபாவின் கால் உடைந்ததையும் பார்த்தேன்.

இனி நீ அழுத விஷயம். பேப்பரில் அடிபட்டவர்கள் பெயருக்கு நேரே, வருவான், சந்தேகம், வரமாட்டான் என்று போடுகிறார்கள் என்று அப்பா ஆசை ஆசையாக விளக்கிக்கொண்டிருந்தார். அப்போது நான் அவரிடம் தமிழில் ஒரு வார்த்தை சொன்னேன். கல்யாணத்தன்று காலையில் இவன் பெயருக்கு நேரே சந்தேகம் என்று போட்டிருந்தால், முந்நூறு பேருக்குப் பொங்கிய பிரியாணியை நான் எங்கே கொண்டு கொட்டுவது என்று கேட்டேன். அது புருஷன் பெண்டாட்டி பேச்சு. அதை இங்கிலீஷில் மாற்றி அவனிடம் சொல்லச் சொன்னது யார்? அவன் கேட்டான் என்றால் அம்மா சாம்பாரைப் பற்றிச் சொன்னாள் என்று சொல்லத் தெரியாதா உனக்கு? அவன்தான் எல்லோரையும்விடச் சத்தமாகச் சிரித்தானே, பிறகு நீ எதற்கு அழுகிறாய்?

டிசம்பரில் அவன் டீம் இங்கே, நம் பக்கத்து ஸ்டேடியத்துக்கு ஆட வருகிறதாம். எங்களுக்கு டிக்கெட் அனுப்புகிறானாம். ஞாயிற்றுக்கிழமை நான் எங்கே இருப்பேன் என்பதை அவனுக்கு எடுத்துச் சொல். அனுப்ப வேண்டாம்.

இங்கே இலை கொட்ட ஆரம்பித்துவிட்டது. அப்பா வாரி வாரி முதுகு வலி என்கிறார். இந்த வீட்டில் அவராவது லீவு போடாமல் வாருகிறார்.

அம்மா


மான்மவுத் ஜங்ஷன்
டிசம்பர் 6, 1994, செவ்வாய்

ஃபெபி மக்களே,

நேற்று நான் போனில் கத்தினேன், நீ வைத்துவிட்டாய். இன்று நான்கு தடவை கூப்பிட்டேன். மெஷின்தான் எடுக்கிறது. இதை மெஷினிடம் சொல்ல எனக்கு வரவில்லை. டியூட்டிக்கு நடுவில் எழுதுகிறேன். நாளைக் காலையே உன் கைக்குக் கிடைக்கும்படி அனுப்புகிறேன். முழுவதையும் படி. எனக்குப் பதில் எழுத வேண்டாம்.

நீ போனில் சிரித்துக்கொண்டே சொன்னதை நான் திரும்பச் சொல்கிறேன், சரியா என்று பார். ஞாயிறு ஆட்டத்தில் தலையோடு தலை முட்டி விழுந்தான். எழுந்து நடந்துதான் போனான். பெஞ்சில் போய் உட்கார்ந்த பிறகு இரண்டு கையும் மரத்துப் போயிற்று. தண்ணீர்க் கப்பைப் பிடிக்க முடியவில்லை. யாரும் பார்க்கக் கூடாது என்று கோட்டுக்குள் கையை வைத்துக்கொண்டான். பத்து நிமிஷத்தில் சரியாகிவிட்டது. டாக்டரிடம் சொல்லவில்லை, கோச்சிடம் சொல்லவில்லை. சொன்னால் பேப்பரில் பெயர் வந்துவிடும். இன்னும் ஒரு ஆட்டம் விட்டால் அடுத்த வருடம் அவனை வைத்துக்கொள்ள மாட்டார்கள். இதற்கு முன் செப்டம்பரிலும் ஒரு தடவை ஆயிற்று, ஒரு கை மட்டும்.

அதற்கு மேல் நீ இன்னொன்றும் சொன்னாய். “உங்க மம்மிகிட்ட சொல்லு, திஸ் ஒன் ஐ ஆம் நாட் மிஸ்ஸிங்” என்று சொன்னானாம். இந்த ஞாயிறு இங்கே நடக்கிற ஆட்டத்தை மட்டும் விடமாட்டானாம்.

செப்டம்பரில் ஒரு கை. அக்டோபரில் என் மேசையில் உட்கார்ந்து கழுத்தைத் திருப்பாமல் பேசினான். நான் அதைத் திமிர் என்றேன். நான் யார்? முதுகெலும்பு வார்டில் பதினான்கு வருடமாக வேலை செய்கிற நர்ஸ். எதிரில் யார் உட்கார்ந்திருந்தாலும் கண்டுபிடித்திருப்பேன். இவனைக் கண்டுபிடிக்கவில்லை, ஏனென்றால் இவனைப் பிடிக்காது என்று முதலிலேயே முடிவு செய்துவிட்டேன். இருபத்தேழு ஆட்டத்தைக் கணக்குப் போடத் தெரிந்தது. ஒரு கழுத்தைப் பார்க்கத் தெரியவில்லை. தூ.

என் வேலையைப் பற்றி நான் உன்னிடம் பேசியதே இல்லை. வீட்டுக்கு வந்தால் குளித்துவிட்டுச் சமைக்கத்தான் பார்ப்பேன். இன்று சொல்கிறேன். ஐந்தாம் அறையில் ஒருவர் இருக்கிறார். கூரை போடுகிறவர். ஏணியிலிருந்து விழுந்தார், பெரிய உயரம் கூட இல்லை. பேசுவார், ஜோக் அடிப்பார், அவர் மனைவி தினம் வருகிறாள். மூக்கு அரித்தால் மணியை அழுத்தக் கூட அவருக்கு முடியாது. தலையணைக்குப் பக்கத்தில் ஊதுகிற குழாய் ஒன்று வைத்திருக்கிறோம், அதை ஊதிக் கூப்பிடுவார். நான் போய் மூக்கைச் சொறிந்துவிடுவேன். தேங்க் யூ சொல்வார். ஒரு நாளைக்கு இருபது தடவை தேங்க் யூ சொல்கிறார்.

ஒரு கை மரத்தால் நரம்பு என்று சொல்லலாம். இரண்டு கையும் ஒன்றாக மரத்தால் அது தண்டுவடம். பார்மசி படித்த உனக்கு இதை நான் சொல்லித்தர வேண்டியிருக்கிறது. மூன்றாம் தடவை என்ன ஆகும் என்று நான் எழுதப் போவதில்லை.

அந்த மனிதனைப் போல முட்டாளை நான் பார்த்ததில்லை. ஆறடி ஐந்து அங்குலம், இருநூற்று அறுபது பவுண்டு, ஊரே பார்க்க மோதுகிறவன், மான்மவுத் ஜங்ஷனில் ஒரு கிழவி ஆப்பச்சட்டிக்கு முன்னால் நின்று சொன்ன சொல்லுக்குப் பயந்துவிட்டான். என் வாயில் அப்படி என்ன இருக்கிறது என்று இரண்டு கையையும் பணயம் வைக்கிறான்? என் பேச்சை நான் வளர்த்த மகளே கேட்கவில்லை, இவன் கேட்டிருக்கிறான். அதை நினைத்தால் எரிச்சலாக வருகிறது. அழுகையும் வருகிறது, அதையும் எழுதிவிடுகிறேன்.

நீ செய்யவேண்டியது இது. இது கைக்குக் கிடைத்த அன்றைக்கே அவன் டீம் டாக்டரிடம் போய் வாயைத் திறந்து சொல்லவேண்டும், இரண்டு தடவை நடந்ததையும். எம்ஆர்ஐ எடுக்கவேண்டும். வியாழக்கிழமை காலை பத்து மணிக்குள் அவன் சொல்லவில்லை என்றால் நானே கூப்பிடுவேன். நம்பரை அப்பா எடுத்து வைத்துவிட்டார். அதன் பிறகு நீ என்னோடு பேசாவிட்டால் பேசாதே. பேசாத மகளோடு நான் இருந்துகொள்வேன்.

அடுத்த வருடம் வைத்துக்கொள்ள மாட்டார்களாம். வைத்துக்கொள்ள வேண்டாம். கையும் காலும் அசைகிற ஆளுக்கு இந்த நாட்டில் வேலை கிடைக்கும்.

நம் ஊரில் கல்யாணத்துக்கு முன்னால் மூன்று ஞாயிறு சபையில் ஓலை வாசிப்பது உனக்கு ஞாபகம் இருக்கும். பெண் பெயரையும் மாப்பிள்ளை பெயரையும் வாசித்து, தடை சொல்ல யாராவது உண்டா என்று கேட்பார்கள். இங்கே நம் தமிழ்ச் சபையில் அந்த வழக்கம் விட்டுப்போயிற்று. உன் விஷயத்தில் ஓலை வாசித்தால் முதல் ஆளாக நான்தான் எழுந்து நிற்பேன் என்று அப்பாவிடம் சொல்லி வைத்திருந்தேன். இன்று மத்தியானம் போதகருக்குப் போன் போட்டு, இந்த ஞாயிறு காலை ஆராதனையிலேயே முதல் ஓலையை வாசிக்கக் கேட்டுக்கொண்டேன். அவர் சம்மதித்துவிட்டார். நான் உட்கார்ந்த இடத்தில் உட்கார்ந்திருப்பேன். ஆனால் ஒரு நிபந்தனை: பெயர் வாசிக்கும்போது ஆள் எதிரில் இருக்கவேண்டும். அப்படி ஒரு சட்டம் எங்கேயும் கிடையாது. நான் போட்டிருக்கிறேன். ஆராதனை பத்தரைக்கு. அவன் ஆட்டம் ஒரு மணிக்கு. இரண்டில் ஒன்றை அவன் எடுத்துக்கொள்ளட்டும்.

டிக்கெட் மூன்று வந்தது. அப்பா பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு அவரே கிழித்துப் போட்டார்.

இந்தக் கடிதத்தோடு ஒரு பொட்டலம் வரும். கழுத்துப் பட்டை. வார்டில் இருப்பதிலேயே பெரிய அளவு அவன் கழுத்தில் பாதிக்குத்தான் வரும், அதனால் இரண்டை வாங்கி ஒன்றாகத் தைத்திருக்கிறேன். தையல் வெளிப்பக்கம் வரும்படி கட்டு, உள்ளே உறுத்தும். வண்டியை நீ ஓட்டு, அவனை ஓட்ட விடாதே. பிளேனில் பெட்டியைத் தூக்க விடாதே. அவன் சிரிப்பான். சிரித்தால் சிரிக்கட்டும், கட்டிவிடு.

நான் உங்கள் இருவருக்கும் எதிராகச் செய்த ஜெபம் நிறைய உண்டு. கர்த்தர் அதில் ஒன்றையும் காதில் வாங்கவில்லை என்று இன்றைக்குத்தான் சந்தோஷப்படுகிறேன். அவர் உங்களைக் காப்பாராக. அவன் கையைப் பிடித்துப் பார், நன்றாக இறுக்கிப் பிடிக்கிறானா என்று. பிடித்தால் எனக்கு ஒரு போன் செய்.

அம்மா